முதலில் காகிதத்தில் மூழ்க வேண்டும்

அரவங்காட்டில் பீரங்கிக்கான வெடிமருந்து செய்யும் கார்டைட் தொழிற்சாலையில் வேலை பார்த்து ஓய்வுபெற்ற பெரியவர் ஒருவர் எங்கள் தெருவில் இருக்கிறார். மழைக்காலத்தில் குன்னூரில் சாயங்காலம் ஐந்தரைக்கே இருட்டிவிடும். மேகம் வாசற்படி வரை வந்து நிற்கும். டிவியை விட்டால் வேறு போக்கிடம் கிடையாது. அப்படி ஒரு நாள் அவர் வீட்டில் உட்கார்ந்து பிரிட்டிஷ் போர்க்கப்பல் ஹூட் பற்றிய ஆவணப்படம் பார்த்துக்கொண்டிருந்தோம். 1941 மே 24 அன்று டென்மார்க் நீரிணையில், ஜெர்மனியின் பிஸ்மார்க் சுட்டதில் சில நிமிடங்களில் பிளந்து மூழ்கிய கப்பல் அது. உள்ளே இருந்தவர்கள் 1,418 பேர். பிழைத்தவர்கள் 3 பேர்.

திரையில் ஒரு வரலாற்றாளர் கப்பலின் வரைபடத்தை விரித்து, பின்பக்க வெடிமருந்துக் கிடங்கு எப்படி வெடித்திருக்கும் என்று சொல்லத் தொடங்கினார். பெரியவர் டம்ளரைக் கீழே வைத்தார். “கார்டைட்டுதான் தம்பி. வெட்டவெளியில கொளுத்தினா விறகு மாதிரி எரியும். அடைச்சு வச்ச எடத்துல பத்துச்சுன்னா முடிஞ்சுது கதை.” அடுத்த ஐந்து நிமிடம் அந்த வரலாற்றாளர் படம் போட்டு விளக்கியதும் இதைத்தான்.

பக்கத்தில் இருந்தவள் அவர் வீட்டு மாடியில் குடியிருக்கும் குடும்பத்துப் பெண். கூடலூர் பக்கம் டான்டீ என்கிற அரசுத் தேயிலைத் தோட்டத்திலிருந்து வந்தவர்கள். கல்லூரியில் வரலாறு படிக்கிறாள். “மாமா, இவருக்கு வேலை என்ன? நேவியா, வாத்தியாரா, இல்ல நடிகரா?” என்று கேட்டாள். என்னிடம் கேட்டதற்குக் காரணம் உண்டு. இந்த மாதிரிப் படங்களுக்குத் தமிழில் பின்னணிக் குரல் எழுதிக் கொடுப்பதுதான் என் பிழைப்பு. கடலே கண்ணுக்குத் தெரியாத ஊரில் உட்கார்ந்துகொண்டு வருடத்தில் பாதி நாள் கடலடியில் இருப்பவன் நான்.

அன்றைக்கு ஏதோ அரைகுறையாகச் சொல்லிச் சமாளித்தேன். கொஞ்சம் விரிவாகவே சொல்லியிருக்கலாம் என்று பிறகு தோன்றியது.

முதலில் பெயரைப் பிரித்துக்கொள்ள வேண்டும். திரையில் ஓடும் எழுத்தில் சிலருக்குக் ‘கடற்படை வரலாற்றாளர்’ என்று போடுவார்கள், சிலருக்குக் ‘கடல்சார் வரலாற்றாளர்’ என்று. இரண்டும் ஒன்றல்ல. முதலாமவருக்குப் போர்க்கப்பல், தளபதி, பீரங்கி, உத்தரவு, விசாரணை மன்றம். இரண்டாமவருக்கு வணிகம், துறைமுகம், மாலுமியின் கூலி, சரக்கு, காப்பீடு, மீனவர், கடல்வழி எல்லாம். கப்பலைக் கடலடியில் போய் அளந்து வரைபவர் இன்னொருவர், நீரடித் தொல்லியலாளர். ஆவணப்படத்தில் மூவரும் ஒரே நாற்காலியில் மாறி மாறி உட்காருவதால் பார்க்கிறவர்களுக்கு எல்லாரும் ஒருவர்போலத் தெரிகிறார்கள்.

அந்த நாற்காலிக்கு வரும் வழிகளும் வேறு வேறு. சாமுவேல் எலியட் மாரிசன் ஹார்வர்டு பேராசிரியர். போர் நடக்கும்போதே கப்பலில் இருந்து பார்த்து எழுத வேண்டும் என்று அதிபர் ரூஸ்வெல்ட்டிடம் கேட்டு, 1942-ல் கடற்படைப் பதவி வாங்கிக்கொண்டு போனார். இரண்டாம் உலகப்போரில் அமெரிக்கக் கடற்படையின் வரலாற்றை 15 தொகுதிகளாக எழுதினார். நம் நாட்டில் பாதை பெரும்பாலும் எதிர்த்திசையில். ஆயுள் முழுக்கச் சீருடை, ஓய்வுக்குப் பிறகு பேனா. இந்தியக் கடற்படையின் அதிகாரபூர்வ வரலாற்றின் மூன்று தொகுதிகளை எழுதியவர் வைஸ் அட்மிரல் ஹிராநந்தானி, துணைத் தளபதியாக இருந்து ஓய்வுபெற்றவர். டைட்டானிக்கைக் கண்டுபிடித்த ராபர்ட் பல்லார்டு கடலியல் விஞ்ஞானி. ஹூட்டைக் கண்டுபிடித்த டேவிட் மெர்ன்ஸ் கடல்சார் நிலவியல் படித்தவர். அண்டார்டிகா பயணி ஷாக்கிள்டனின் கப்பல் என்டூரன்ஸைத் தேடிப்போன குழுவில் ஆய்வு இயக்குநராக இருந்த மென்சன் பவுண்ட் தொல்லியலாளர், பாக்லாந்து தீவுகளில் பிறந்தவர்.

வழி எதுவானாலும், எல்லாரும் முதலில் இறங்குவது கடலில் அல்ல, காகிதத்தில். படங்கள் இதைக் காட்டுவதில்லை. 50 நிமிடப் படத்தில் 40 நிமிடம் அலை, கப்பலின் மேல்தளம், கணினித்திரையை முறைத்துப் பார்க்கும் முகங்கள். ஆவணக் காப்பகத்தில் ஒரு மனிதர் மூன்று வருடம் தூசி தட்டியதற்கு அரை நிமிடம். அதுவும் பக்கம் புரட்டும் ஒரு கை, பின்னால் பியானோ. நான் எழுதிக் கொடுக்கும் வசனத்திலும் அந்த இடத்துக்கு இரண்டு வரிதான் கிடைக்கும்.

ஏன் காகிதம் என்றால், கடலின் அளவு அப்படி. நீலகிரிக்காரர்களுக்குச் சொல்ல என்னிடம் ஒரு கணக்கு இருக்கிறது. நம் உயர்ந்த சிகரம் தொட்டபெட்டா கடல்மட்டத்திலிருந்து 2,637 மீட்டர். அதை அப்படியே கவிழ்த்துக் கடலுக்குள் வையுங்கள். ஹூட் கிடப்பது ஏறக்குறைய 2,800 மீட்டரில், கவிழ்த்த சிகரத்தின் நுனிக்குக் கொஞ்சம் கீழே. என்டூரன்ஸ் 3,008 மீட்டரில். டைட்டானிக் ஏறக்குறைய 3,800 மீட்டர், அதாவது தொட்டபெட்டாவுக்கு அடியில் மேட்டுப்பாளையத்திலிருந்து குன்னூர் வரையிலான ஏற்றத்தில் முக்கால் பங்கைச் சேர்த்த ஆழம். அமெரிக்கப் போர்க்கப்பல் இண்டியானாபொலிஸ் கிடக்கும் 5,500 மீட்டருக்கு இரண்டு தொட்டபெட்டாவை ஒன்றன்கீழ் ஒன்றாக வைத்தாலும் எட்டாது. பத்து மீட்டர் இறங்கினால் ஒரு வளிமண்டல அழுத்தம் கூடும். டைட்டானிக் இருக்கும் இடத்தில் அழுத்தம் நம் வாசலில் இருப்பதைப்போல் சுமார் 380 மடங்கு.

அந்த ஆழத்தில் வெளிச்சம் கிடையாது. ஒலியை விட்டு எதிரொலியைக் கேட்டுத்தான் தேட வேண்டும். சோனார் கருவியை நீண்ட கம்பிவடத்தில் கட்டி, கடல்தரைக்குச் சற்று மேலே மிதக்கவிட்டு, ஆள் நடக்கும் வேகத்தில் இழுத்துப் போவார்கள். ஒரு வரிசை முடிந்ததும் திரும்பி, ஒட்டினாற்போல் அடுத்த வரிசை. கொழுந்து பறிக்கிறவர்கள் நிரை பிடிப்பது மாதிரி, ஒரு நிரையைக்கூட விடக் கூடாது. கப்பலை ஒரு நாள் கடலில் நிறுத்தி வைப்பதே பெரும் செலவு. தேடும் பரப்பு ஒரு மாவட்ட அளவு என்றால் காசு தீர்ந்துவிடும். ஒரு ஊராட்சி அளவுக்குக் குறைந்தால் கிடைக்கும். அப்படிக் குறைத்துக் கொடுப்பதுதான் வரலாற்றாளரின் வேலை.

இண்டியானாபொலிஸ் இதற்கு நல்ல சாட்சி. 1945 ஜூலை 30 அதிகாலை ஜப்பானிய நீர்மூழ்கி சுட்ட டார்பிடோக்களில் அந்தக் கப்பல் பன்னிரண்டே நிமிடத்தில் மூழ்கியது. 1,195 பேரில் கடைசியில் உயிரோடு மீட்கப்பட்டவர்கள் 316. கப்பலின் குறிப்பேடு கப்பலோடு போயிற்று. எழுபது வருடம் இடம் தெரியவில்லை. அமெரிக்கக் கடற்படையின் வரலாற்றுப் பிரிவில் இருந்த ரிச்சர்ட் ஹல்வர் என்ற வரலாற்றாளர் 2016-ல் ஒரு நூலிழையைப் பிடித்தார். ஒரு தரையிறங்கு கலத்தில் இருந்த மாலுமியின் நினைவில், கப்பல் மூழ்குவதற்கு முந்தின நாள் அதை எதிரில் கடந்துபோனோம் என்று ஒரு செய்தி இருந்தது. அது எந்தக் கலம் என்று தேடிப்போய் எல்எஸ்டி-779 என்று கண்டுபிடித்தார். அந்தக் கலத்தின் குறிப்பேடு காப்பகத்தில் பத்திரமாக இருந்தது. டார்பிடோ தாக்குவதற்குச் சுமார் 11 மணி நேரம் முன்பு இண்டியானாபொலிஸ் எங்கே இருந்தது என்று அதிலிருந்து தெரிந்ததும், தேடவேண்டிய இடம் மேற்கே நகர்ந்தது. 2017 ஆகஸ்டில் மைக்ரோசாப்ட் நிறுவனர்களில் ஒருவரான பால் ஆலனின் ஆய்வுக்கப்பல் பெட்ரல் அதைக் கண்டுபிடித்தது. தலைப்புச் செய்தியில் வந்தது கோடீஸ்வரர் பெயர். அது அப்படித்தான் வரும்.

இங்கே தமிழர்களுக்கு நெருக்கமான ஒரு கதையைச் சொல்லாமல் போக முடியாது. ‘அவன் சரியான எம்டன்’ என்று நம் வீட்டுப் பெரியவர்கள் சொல்லிக் கேட்டிருப்போம். அந்த எம்டன் 1914 செப்டம்பர் 22 இரவு மெட்ராஸ் கடலில் வந்து நின்று, துறைமுகத்தின் எண்ணெய்த் தொட்டிகள் மேல் சுமார் 130 குண்டுகளைச் சுட்டு, வந்த சுவடு தெரியாமல் போன ஜெர்மன் கப்பல். ஜனங்கள் மூட்டை கட்டிக்கொண்டு ஊரைவிட்டு ஓடினார்கள். கப்பலின் பெயர் தமிழில் ஒரு குணத்தின் பெயராகவே ஆகிவிட்டது. வேறு எந்தப் போர்க்கப்பலுக்கும் தமிழ் இந்த மரியாதையைத் தந்ததாக நான் அறியேன். விடுதலைப் போராளி செண்பகராமன் பிள்ளை அந்தக் கப்பலில் வந்தார் என்ற கதையும் கூடவே வளர்ந்தது. கேட்க நன்றாக இருக்கும். ஆனால் வரலாற்றாளர்கள் அதை ஏற்பதில்லை, அவர் அந்தச் சமயத்தில் ஐரோப்பாவில் இருந்தவர். ஆவணப்படத்தில் ஒரு வரலாற்றாளர் சம்பாதிக்கும் கெட்ட பெயர் பெரும்பாலும் இப்படித்தான் வருகிறது. எல்லாருக்கும் பிடித்த ஒரு கதையை ‘காகிதம் இல்லை’ என்று அவர் தள்ளிவைக்க வேண்டியிருக்கும்.

எம்டனை அதே ஆண்டு நவம்பர் 9 அன்று கோகோஸ் தீவுகளுக்கு அருகே அடித்துத் தரைதட்ட வைத்தது சிட்னி என்ற ஆஸ்திரேலியக் கப்பல். அதே பெயரை அடுத்து ஏற்ற இன்னொரு சிட்னிதான் இந்தத் துறையின் மிகச் சிக்கலான வழக்கு. 1941 நவம்பர் 19 அன்று மேற்கு ஆஸ்திரேலியாவுக்கு அப்பால், டச்சு வணிகக் கப்பல் ‘ஸ்ட்ராட் மலாக்கா’ என்று வேடம் போட்டிருந்த ஜெர்மன் கப்பல் கோர்மோரானை அது நெருங்கிப் போனது. வேடம் கலைந்தது, இரண்டும் சுட்டுக்கொண்டன, இரண்டும் மூழ்கின. சிட்னியில் இருந்த 645 பேரில் ஒருவர்கூடப் பிழைக்கவில்லை. ஜெர்மன்காரர்கள் 300-க்கும் மேற்பட்டோர் பிழைத்துக் கைதானார்கள்.

ஆக, சாட்சி சொல்ல இருந்தவர்கள் எல்லாரும் எதிரிகள். அவர்கள் சொன்ன இடத்தை நம்பலாமா? கைதிகள் பேசிவைத்துக்கொண்டு பொய் சொல்கிறார்கள், ஜப்பானிய நீர்மூழ்கி ஒன்று உடந்தை என்றெல்லாம் ஆஸ்திரேலியாவில் அறுபது வருடம் பேசினார்கள். கோர்மோரான் கேப்டன் டெட்மர்ஸ், சிறையில் ஒரு ஜெர்மன்-ஆங்கில அகராதியில் எழுத்துகளுக்குக் கீழே பென்சிலால் புள்ளி வைத்து வைத்து, அந்தச் சண்டையின் முழு விவரத்தையும் ஒளித்து எழுதியிருந்தார். சிட்னியைத் தேடும் வேலையை நடத்திய மெர்ன்ஸ் அந்த அகராதியை விடவில்லை, கைதிகளின் விசாரணைத் தாள்களையும் விடவில்லை. இன்னொரு பக்கம், மனித ஞாபகம் எப்படித் திரியும் என்று ஆராயும் உளவியலாளர்கள் கிர்ஸ்னரும் டன்னும், கைதிகள் சொன்ன அத்தனை இடங்களையும் ஒன்றாக வைத்துக் கணக்குப் போட்டார்கள். எல்லாரும் கூடிப் பொய் சொன்னால் சொற்கள் ஒரே அச்சில் வரும். உண்மையில் நடந்ததை அரைகுறையாக நினைவு வைத்திருந்தால் ஒரு மையத்தைச் சுற்றிச் சிதறும். இவை சிதறியிருந்தன. 2008 மார்ச்சில் முதலில் கோர்மோரானும் நான்கு நாள் கழித்து சிட்னியும் கிடைத்தன. கணக்கு காட்டிய இடத்துக்கும் கிடைத்த இடத்துக்கும் சில கிலோமீட்டர்தான் வித்தியாசம். எதிரி உண்மையைத்தான் சொல்லியிருந்தான். சிட்னி 2,468 மீட்டரிலும் கோர்மோரான் 2,560 மீட்டரிலும் கிடக்கின்றன. இரண்டும் நம் தொட்டபெட்டா உயரத்துக்குள் அடக்கம்.

இந்தக் கதையைச் சொன்னபோது அந்தப் பெண் மடக்கினாள். “அப்ப காகிதத்துல இருந்தா எல்லாம் உண்மையா மாமா?”

இல்லை. டைட்டானிக் இரண்டாக ஒடிந்துதான் மூழ்கியது என்று படகில் இருந்த பலர் கண்ணால் கண்டு சொன்னார்கள். 1912 விசாரணைகள் அதை ஒதுக்கிவிட்டு, முழுசாகவே மூழ்கியது என்று எழுதிவைத்தன. 1985 செப்டம்பர் 1 அன்று பல்லார்டும் பிரெஞ்சுக்காரரான ஜான்-லூயி மிஷேலும் நடத்திய குழு பார்த்தபோது முன்பாதி ஓரிடத்தில், பின்பாதி சுமார் 600 மீட்டர் தள்ளி. விசாரணை மன்றத்தின் தாள் பொய்த்தது, குளிரில் நடுங்கிக்கொண்டு பார்த்தவர்களின் கண் பொய்க்கவில்லை. ஆபத்துச் செய்தியில் கப்பல் அனுப்பிய இருப்பிடமும் சுமார் 13 கடல்மைல் தவறு. அவசரத்தில் போட்ட கணக்கு. இதற்கு நேர்மாறாக என்டூரன்ஸ். பனியில் நசுங்கி 1915 நவம்பர் 21-ல் மூழ்கியபோது, கப்பலின் தலைவர் பிராங்க் வோர்ஸ்லி மறுநாள் சூரியனைப் பார்த்து, கைக்கருவியால் அளந்து இடத்தைக் குறித்தார். 2022 மார்ச் 5-ல் கப்பல் கிடைத்த இடம் அவர் குறித்ததிலிருந்து சுமார் 4 மைல்தான் தெற்கே. பனிப்பாறை மேல் கூடாரத்தில் உட்கார்ந்து எழுதிய தாள் அது. ஆக, காகிதத்தை நம்புவதல்ல, எழுதியவர் எந்த நிலையில் எழுதினார் என்று பார்ப்பதுதான் தொழில். வரலாறு படிக்கும் பிள்ளைக்கு இது புதிதல்ல. மெய்க்கீர்த்தியை வாசிக்கும்போது செய்வதும் இதுதானே.

காசு யார் கொடுக்கிறார்கள் என்பதையும் அதே கண்ணோடு பார்க்க வேண்டும். டைட்டானிக் தேடலுக்குப் பின்னால் இருந்தது அமெரிக்கக் கடற்படை. அவர்களுக்கு டைட்டானிக் மேல் அக்கறை இல்லை. 1963-லும் 1968-லும் மூழ்கிய திரெஷர், ஸ்கார்ப்பியன் என்ற அணுசக்தி நீர்மூழ்கிகளை ரகசியமாகப் பார்த்துவரச் சொன்னார்கள். அதை முடித்துவிட்டு மீதி நாளில் டைட்டானிக்கைத் தேடிக்கொள் என்பது ஒப்பந்தம். மீதி கிடைத்தது ஏறக்குறைய 12 நாள். ஆனால் அந்த ரகசிய வேலைதான் பல்லார்டுக்கு வழியைக் காட்டியது. மூழ்கும் கப்பலிலிருந்து உதிர்வனவற்றை நீரோட்டம் இழுத்துப்போய் நீளமாகக் கடல்தரையில் தூவிவிடும். ஆகவே கப்பலைத் தேடாதே, சிந்தியதைத் தேடு. சந்தைக்குப் போன லாரியிலிருந்து உருளைக்கிழங்கு உதிர்ந்த பாதையைப் பிடித்தால் லாரி கிடைத்துவிடும் என்கிற மாதிரி. உலகம் பார்த்த படங்களில் பல ஆண்டுகள் இந்தப் பின்னணி இல்லை.

புதையல் வேட்டைக்காரர்கள் கொடுக்கும் காசு இன்னும் சிக்கல். 2007-ல் ஒரு அமெரிக்க நிறுவனம் அட்லாண்டிக்கில் ஒரு சிதைவிலிருந்து ஐந்து லட்சத்துக்கும் மேற்பட்ட நாணயங்களை அள்ளிக்கொண்டு போனது. எந்தக் கப்பல் என்று சொல்லவில்லை. ஸ்பெயின் வழக்குப் போட்டது. அது 1804-ல் பிரிட்டிஷ் கப்பல்கள் தாக்கி மூழ்கிய ஸ்பெயின் கடற்படைக் கப்பல் மெர்சிடஸ் என்று காப்பகத்துச் சரக்குப் பட்டியலையும் பணி உத்தரவுகளையும் வைத்து அமெரிக்க நீதிமன்றத்தில் நிறுவினார்கள். 2012-ல் 17 டன் நாணயங்கள் விமானத்தில் ஸ்பெயினுக்குத் திரும்பின. தங்கத்தைவிடத் தாள் கனமாக இருந்த நாள் அது.

இன்னொரு சங்கடம், படம் எடுப்பதாலேயே இடம் தெரிந்துவிடுவது. ஜாவா கடலில் 1942-ல் மூழ்கிய டச்சுப் போர்க்கப்பல்களை 2016-ல் பார்க்கப் போனவர்கள், சில கப்பல்கள் இருந்த இடத்தில் கடல்தரையில் பள்ளத்தை மட்டும் பார்த்தார்கள். இரும்புக்காக முழுக்கப்பலையே அறுத்துக்கொண்டு போயிருந்தார்கள், உள்ளே இருந்த எலும்புகளோடு. அதனால்தான் நேர்மையான படங்கள் சரியான இருப்பிடத்தைத் திரையில் காட்டுவதில்லை. நான் வசனம் எழுதும்போதும் ஆழத்தைச் சொல்வேன், அட்சரேகையைக் கேட்டால் கொடுக்க மாட்டார்கள். ஒருமுறை ‘பாத்தம்’ என்ற அளவுக்கு எப்படித் தமிழ் எழுதுவது என்று இரண்டு நாள் தடுமாறினேன். ராமேஸ்வரத்து மீனவர் ஒருவர் போனில் சிரித்தார், “பாகம்னு எழுதுங்க சார். நாங்க இன்னைக்கும் அப்படித்தான் அளக்கிறோம்.” இரண்டு கையையும் விரித்த நீளம் ஒரு பாகம். மலையில் உட்கார்ந்து கடலை எழுதுபவன் வாங்கவேண்டிய குட்டுதான்.

மலையில் கடல் இல்லை என்று நான் சொன்னதும் முழு உண்மை இல்லை. குன்னூரை ஒட்டிய வெலிங்டனில் முப்படை அதிகாரிகளும் படிக்கும் பணியாளர் கல்லூரி இருக்கிறது. பிரிவினையில் குவெட்டா பாகிஸ்தானுக்குப் போனதால் 1947-ல் இங்கே வந்தது. கப்பலை ஓட்டிக்கொண்டிருந்தவர்கள் ஒரு வருடம் கடல்மட்டத்துக்கு 1,800 மீட்டருக்கு மேலே தேயிலைக்கு நடுவே உட்கார்ந்து, பழைய போர்களைப் புரட்டி ஆய்வுரை எழுதுகிறார்கள். சென்னைப் பல்கலைக்கழகம் அதற்கு எம்.எஸ்சி. பட்டம் தருகிறது. 1971 போரின் தளபதி மானெக்‌ஷா குன்னூரில் வாழ்ந்து 2008-ல் வெலிங்டன் ராணுவ மருத்துவமனையில்தான் காலமானார். அதே போரில் மூழ்கிய பாகிஸ்தான் நீர்மூழ்கி காஜி விசாகப்பட்டினத்தில் டால்பின் நோஸ் என்ற குன்றுக்கு எதிரே, துறைமுகத்துக்கு வெகு அருகில் கிடக்கிறது. நம் குன்னூர் டால்பின் நோஸில் சுற்றுலாப் பயணிகள் செல்பி எடுக்கும்போதெல்லாம் எனக்கு அந்த இன்னொரு மூக்கு நினைவுக்கு வரும். இந்தியக் கப்பல் ராஜ்புத் போட்ட ஆழ்கடல் குண்டுகளால் காஜி மூழ்கியது என்பது இந்தியக் கடற்படையின் கூற்று. பாகிஸ்தான், கண்ணிவெடியோ உள்வெடிப்போ என்கிறது. 90-க்கும் மேற்பட்டவர்கள் அதற்குள்ளேயே இருக்கிறார்கள். இரண்டு நாட்டு வரலாற்றாளர்களும் ஒரே மேசையில் இரண்டு நாட்டுக் காகிதங்களையும் விரித்துவைத்து எடுக்கும் படம்தான் எனக்குப் பார்க்க ஆசை.

தமிழ்நாட்டில் இதைப் படிக்க வழி இருக்கிறதா என்றால், இருக்கிறது. தஞ்சை தமிழ்ப் பல்கலைக்கழகத்தில் கடல்சார் வரலாற்றுக்கும் கடல்சார் தொல்லியலுக்கும் தனித்துறை உண்டு. கோவாவில் தேசியக் கடலியல் நிறுவனம் உண்டு. இந்தியத் தொல்லியல் துறையில் நீரடிப் பிரிவு 2001-ல் தொடங்கியது. எழும்பூர் ஆவணக் காப்பகத்தில் உட்கார நீச்சல்கூடத் தெரிந்திருக்க வேண்டாம். பூம்புகாருக்கு அப்பால், 19 மீட்டர் ஆழத்தில் ஒரு கப்பல் சிதைவு கிடைத்தது. அதன் ஈயக் கட்டிகளில் பிளாக்கெட் என்ற பெயரும் 1791, 1792 என்ற ஆண்டுகளும் பொறித்திருந்தன. பிளாக்கெட் குடும்பம் வட இங்கிலாந்தில் ஈயச் சுரங்கம் வைத்திருந்தவர்கள். ஆக 1792-க்குப் பிறகு மூழ்கிய கப்பல், ஐரோப்பியச் சரக்கு. இவ்வளவையும் ஒரு ஈயக்கட்டி சொல்லிவிட்டது. மிச்சத்தை ஏற்றுமதிப் பதிவேடு ஒன்றில் யாராவது உட்கார்ந்து தேட வேண்டும். அந்த யாராவது காவிரிப்பூம்பட்டினத்தைப் பாடத்தில் படித்த ஒரு தமிழ்ப் பிள்ளையாக இருந்தால் என்ன?

கப்பலின் பெயரைச் சொல்லும் பொருள்களில் எல்லாரும் முதலில் தேடுவது மணி. ஹூட்டின் மணியை 2015-ல் மேலே கொண்டுவந்தார்கள். வாஸ்கோடகாமாவின் இரண்டாம் பயணத்தில் மலபார்க் கரையைக் காக்கவென்று விட்டுப்போன கப்பல்களில் ஒன்று, காவலை விட்டுக் கொள்ளைக்குப் போய், 1503-ல் ஓமான் தீவொன்றில் புயலில் உடைந்தது. அது எஸ்மெரால்டாவாகத்தான் இருக்கும் என்று மெர்ன்ஸ் குழு முடிவுக்கு வந்ததில் 1498 என்று பொறித்த மணிக்கும், இந்திய வணிகத்துக்காகவே 1499-ல் அடித்த ‘இந்தியோ’ என்ற அரிய வெள்ளிக்காசுக்கும் பங்கு உண்டு. நமக்கும் ஒரு மணி இருக்கிறது. 1836 வாக்கில் நியூசிலாந்தில் கொலன்சோ என்ற மிஷனரி, மாவோரிப் பெண்கள் ஒரு வெண்கலப் பாத்திரத்தில் உருளைக்கிழங்கு வேகவைப்பதைப் பார்த்தார். அது உடைந்த மணி. அதன் மேல் தமிழில், முகையதீன் வக்குசு என்பவருடைய கப்பலின் மணி என்று எழுதியிருந்தது. இன்று வெலிங்டனில் இருக்கிறது. நம்ம வெலிங்டன் இல்லை, நியூசிலாந்துத் தலைநகரம். மணி இருக்கிறது, கப்பல் இல்லை. கப்பலைப் பற்றிய ஒரு துண்டுத் தாள்கூட மணியோடு வந்து சேரவில்லை.

இங்கேதான் எனக்கு இந்தப் படங்கள்மேல் மனத்தாங்கல். எந்தக் கப்பலைப் படம் எடுக்கிறார்கள்? காகிதம் வைத்திருந்த கப்பலை. கடற்படைகள் எதையும் இரண்டு பிரதி எழுதுபவை. 1812-ல் பம்பாயில் தேக்குக் கப்பல் ஒன்று கட்ட வரைபடத்தை ஜாவா என்ற கப்பலில் அனுப்பினார்கள். பிரேசிலுக்கு அப்பால் அமெரிக்கக் கப்பல் கான்ஸ்டிடியூஷன் ஜாவாவை அழித்தது, வரைபடமும் போயிற்று. மறுபிரதி வந்தது. பம்பாயின் கப்பல் கட்டும் குடும்பத்து வாடியா கட்டிய அந்தக் கப்பல் 1817-ல் கடலில் இறங்கியது, பெயர் திருகோணமலை, ஆங்கிலேயர் வாயில் டிரிங்கோமலி. இங்கிலாந்தில் ஹார்ட்டில்பூலில் இன்னமும் மிதக்கிறது. அந்த மாதிரிக் கப்பல்களுக்கு மலபார் தேக்கை வெட்டித் தீர்த்ததால்தான், நம் நாடுகாணியில் இறங்கினால் வரும் நிலம்பூரில் 1840களில் மலபார் கலெக்டர் கானலி தேக்கு நடத் தொடங்கினார்.

மறுபிரதி இல்லாத கப்பல்கள் வேறு. இலங்கைத் தோட்டங்களுக்குக் கூலிகளை ஏற்றிப்போன தோணிகளும் கப்பல்களும். 1864-ல் ‘ஆதிலட்சுமி’ என்ற கப்பல் தொழிலாளர்களோடு மூழ்கியது. சுமார் 120 பேர் என்று மலையக வரலாற்றை எழுதியவர்கள் குறிப்பிடுகிறார்கள். சிட்னியின் 645 பேருக்கும் பெயர் பொறித்த சுவர் இருக்கிறது. ஆதிலட்சுமியில் போனவர்கள் ஒரு எண். அவர்களைப்போலக் கடல் கடந்து கரைசேர்ந்தவர்களின் பேரன் பேத்திகளுக்குப் பேரன் பேத்திகள்தான் 1964 சிறிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தத்துக்குப் பிறகு, இலங்கையிலிருந்து திரும்பி, டான்டீ தோட்டங்களிலும் கூடலூரிலும் கோத்தகிரியிலும் குடியேறினார்கள். நீலகிரியில் கடலைக் கடந்த அனுபவம் வெலிங்டன் அதிகாரிகளைவிடத் தோட்டத் தொழிலாளர்களின் லயன் வீடுகளில்தான் அதிகம்.

இதைச் சொன்னபோது அந்தப் பெண் ஒன்றும் பேசவில்லை. அடுத்த ஞாயிறு, கூடலூரிலிருந்து வந்திருந்த அவளுடைய அப்பாயி என்னைக் கூப்பிட்டனுப்பினார். டிரங்குப் பெட்டியிலிருந்து ஒரு மஞ்சள் பையை எடுத்தார். உள்ளே பாலிதீன் தாளில் சுற்றிய பழைய கடவுச்சீட்டும், இலங்கையிலிருந்து திரும்பியவர்கள் தங்கிய மண்டபம் முகாமின் முத்திரையோடு ஒரு குடும்ப அட்டையும். “தலைமன்னாருல ராமானுஜம் கப்பல் ஏறினோம். எம்மக வயித்துல மூணு மாசம். எல்லாரும் வாந்தி. எனக்கு மட்டும் ஒண்ணும் ஆகல.” முத்திரையில் தேதி மங்கியிருந்தது. பேத்தி அதை ஜன்னல் வெளிச்சத்தில் சாய்த்துப் பிடித்து, “எண்பத்தொண்ணா, எண்பத்தேழா அப்பாயி?” என்றாள்.

“எண்பத்தேழுல ஏது கப்பலு? எண்பத்துநாலோட ஓட்டத்த நிறுத்திட்டானே. எண்பத்தொண்ணுதான்,” என்றார் அப்பாயி.

அவள் நோட்டுப்புத்தகத்தில் 1981 என்று எழுதி, பக்கத்தில் அடைப்புக்குறிக்குள் ‘முத்திரை மங்கல், அப்பாயி வாய்மொழி’ என்று குறித்துக்கொண்டாள்.